அடக்கமான மாப்பிள்ளை

பண்ணையில் எல்லோரும் அந்தக் குதிரையை மாப்பிள்ளை என்றுதான் கூப்பிட்டார்கள். பந்தய மைதானத்தில் அதற்கு வேறு பேர், கோப்பைத்திருடன். ஓடிய இடத்திலெல்லாம் கோப்பையை அள்ளிக்கொண்டு வந்ததால் சனங்களாக வைத்த பேர். முன்னங்கால் நரம்பு பிசகி ஓட்டம் நின்றதும் முதலாளிகள் அதை இந்தக் குதிரைப்பண்ணைக்கு அனுப்பிவைத்தார்கள். இனி ஓட வேண்டாம், வம்சம் பெருக்கினால் போதும். தின்பது, தூங்குவது, தேடி வருகிற பெட்டைகளோடு சேர்வது. இப்படி ஒரு வாழ்வு யாருக்குக் கிடைக்கும் என்று பண்ணை ஆம்பிளைகள் எல்லோருக்கும் உள்ளுக்குள் ஒரு புகைச்சல். ஆனால் மாப்பிள்ளை பெண் பக்கமே திரும்பவில்லை. வந்த பெட்டைகளெல்லாம் வந்த வண்டியிலேயே ஏறித் திரும்பிப் போய்க்கொண்டிருந்தன.

இதில் முதலாளிகளைவிட, மேனேஜரைவிட எரிச்சல்பட்டவள் குதிரைக்காரரின் மனைவிதான். கல்யாணமான நாளிலிருந்து பந்தய லாயத்தை ஒட்டிய ஒற்றை அறைகளில் குப்பை கொட்டியவள் அவள். ஒரு சீசனுக்கு ஓர் ஊர். மூட்டையைக் கட்டு, அவிழ், மறுபடி கட்டு. சுவருக்கு அந்தப் பக்கம் குதிரை உதைத்தால் இந்தப் பக்கம் பாத்திரம் உருளும். மாப்பிள்ளையோடு இந்தப் பண்ணைக்கு வந்த பிறகுதான் வீடு என்று வாய்விட்டுச் சொல்லும்படி ஒன்று கிடைத்திருந்தது. இரண்டு அறை, பின்னால் வெயில் விழுகிற முற்றம், சமையலறைக்குள்ளேயே குழாய். திறந்தால் தண்ணீர் வருகிறது என்பதை நம்பாமல் கொஞ்ச நாள் அதைச் சும்மா சும்மா திறந்து பார்த்தாள். கதவுக்குத் தானே சாயம் அடித்தாள். முற்றத்தில் தக்காளி நட்டாள். அது காய்ப்பதற்குள் இந்தத் தலைவலி.

இந்தச் சேர்க்கைப் பருவம் முடிவதற்குள் ஒன்றும் நடக்காவிட்டால் குதிரையை எங்கேயாவது தள்ளிவிடுவார்கள் என்று மேனேஜர் சொல்லிவிட்டார். குதிரையோடு வந்தவர்கள் குதிரையோடு போக வேண்டியதுதான். வீடு அடுத்து வருகிறவனுக்கு.

"இன்னிக்கும் இல்லையா?" என்று கேட்டாள், குதிரைக்காரர் வாசலில் பூட்ஸைக் கழற்றும்போதே.

"என்ன இன்னிக்கும் இல்லையா?"

"மழை பெய்யலையான்னு கேட்டேன். இந்த வீட்ல வேற என்னத்த கேப்பாங்க?"

"அவசரப்படாத. தம்பிக்குப் பொண்ணு பிடிக்கல."

குதிரையை அவர் தம்பி என்றுதான் சொல்வார். கூடப்பிறந்த தம்பி ஒருவர் இருந்தார், அவரைப் பற்றி விசாரித்து வருஷக்கணக்காகிறது.

"போன தடவை வந்ததுக்கு என்ன குறைச்சல்?"

"அதுக்குக் கால் கொஞ்சம் குட்டை."

"ஆமா, காலை அளந்து பாத்துத்தான் எல்லாரும் குடும்பம் நடத்துறாங்க. வர்றதையெல்லாம் தட்டிக் கழிச்சுக்கிட்டே இருந்தா கடைசில நான்தான் பானை சட்டியத் தூக்கணும். உங்க தம்பிகிட்ட சொல்லி வைங்க."

"சொன்னாப் புரிஞ்சுக்குவான். அவனுக்கு நான் கண்ணசைச்சாப் போதும். ஓட்டத்துல இருந்தப்ப நீயே பாத்திருக்கியே! பக்கத்துல பெட்டை போனா மத்ததெல்லாம் கயித்த அத்துக்கிட்டு ஆடும். நம்ம தம்பிகிட்ட ஒரு கனைப்பு உண்டா? நான் கைய தூக்கினாலே கண்ண மூடிச் சொகமா நிப்பான். அது வளர்ப்பு!"

அந்த வளர்ப்பு எப்படி வந்தது என்று அவளுக்கும் தெரியும். பக்கத்தில் பெட்டைக் குதிரை நடந்து, இது தலையைத் தூக்கி மூக்கை விடைத்தால், அவர் தொண்டையில் 'ஹக்கும்' என்று ஒரு சத்தம் வரும். உடனே கயிற்று நுனியால் மூக்கில் ஒரு சுண்டு. அடி என்று சொல்ல முடியாது, ஆனால் தவறாத சுண்டு. ஓட வேண்டிய குதிரை வாசனை பிடித்துக்கொண்டு நின்றால் கோப்பை எங்கிருந்து வரும்? எல்லா லாயத்திலும் நடப்பதுதான். மற்றவர்கள் ஒரு நாள் செய்வார்கள், ஒரு நாள் சோம்பலில் விட்டுவிடுவார்கள். இவர் ஒரு நாளும் விட்டதில்லை. குதிரைக்காரர் நல்ல மனுஷர். நல்ல மனுஷர்கள் கொடுக்கிற தொல்லையைக் கெட்டவர்களால் கொடுக்க முடியாது.

இன்னொரு பெட்டை வந்த அன்று அவளும் இனச்சேர்க்கைக் கொட்டகையின் பக்கவாட்டு ஜன்னலில் போய் நின்றாள். டீ கொண்டுவந்த சாக்கு. உள்ளே சுவரெல்லாம் மெத்தை தைத்திருந்தது, தரையில் ரப்பர் விரித்திருந்தது. பெட்டையின் வாலைத் துணியால் சுற்றி, பின்னங்கால்களுக்குத் தோல் உறை மாட்டி, வெந்நீரால் கழுவித் தயாராக நிறுத்தியிருந்தார்கள். இரண்டு பேர் அதன் தலைப்பக்கம். பண்ணையின் குதிரை டாக்டரம்மா கையுறையோடு ஓரத்தில். லாயம் கூட்டுகிற மொட்டை கதவைத் திறந்துவிட்டான்.

மாப்பிள்ளை வெளியிலிருந்து வரும்போது நன்றாகத்தான் வந்தது. கழுத்தை வளைத்துக்கொண்டு, தரையில் கால் பாவாமல், வாசலை அடைவதற்குள் ஒரு கனைப்புக்கூடப் பாதி கிளம்பிவிட்டது. கயிற்றைப் பிடித்துக்கொண்டு முன்னால் நடந்த குதிரைக்காரர் தொண்டையைச் செருமினார். அவ்வளவுதான். பாதிக் கனைப்பு வயிற்றுக்குள் திரும்பிப் போயிற்று. நான்கு காலையும் சேர்த்து வைத்து, தலையைத் தாழ்த்தி, கோப்பையோடு படம் பிடித்த அன்று நின்றதைப் போல நின்றது. பெட்டை திரும்பித் திரும்பிப் பார்த்தது. மாப்பிள்ளை நின்றுகொண்டே இருந்தது.

"பாத்தீங்களா, எவ்வளவு அடக்கம்!" என்றார் குதிரைக்காரர், சுற்றி நின்றவர்களைப் பார்த்து.

மேனேஜர் தொப்பியைக் கழற்றித் தன் தொடையிலேயே அடித்துக்கொண்டார். ஜன்னலுக்கு வெளியே அவளுக்கு, டீ கெட்டிலை யார் தலையில் கவிழ்ப்பது என்று தெரியவில்லை.

ரத்தம் எடுத்துப் பார்த்தார்கள். ஊசி போட்டார்கள். தீனியை மாற்றினார்கள். டாக்டரம்மா குறை ஒன்றும் கண்டுபிடிக்கவில்லை. "எல்லாம் நல்லா இருக்கு" என்று அவர் சொல்லச் சொல்ல மேனேஜரின் முகம் இன்னும் கறுத்தது. கெட்டுப்போயிருந்தாலாவது ரிப்பேர் பண்ணலாம்.

பிறகு ஒரு நாள் குதிரைக்காரருக்குக் கடைவாய்ப் பல் வீங்கியது. ஒரு பக்கக் கன்னம் கொழுக்கட்டையாக உப்பி, பேச முடியாமல், பண்ணை வேனில் டவுனுக்குப் பல் பிடுங்கப் போனார். அன்று பார்த்து ஒரு பெட்டை வந்திருந்தது. இன்றைக்கு விட்டால் அதற்குப் பக்குவம் தப்பிவிடும் என்றார் டாக்டரம்மா. எப்படியும் ஒன்றும் நடக்கப்போவதில்லை, யார் பிடித்தால் என்ன என்று மேனேஜர் கயிற்றை மொட்டையிடம் கொடுத்தார்.

மாப்பிள்ளை கொட்டகைக்குள் வந்து அந்தப் பக்கம் பார்த்தது, இந்தப் பக்கம் பார்த்தது. கதவை ஒரு தரம் திரும்பிப் பார்த்தது. யாரும் செருமவில்லை. அப்புறம் அது போட்ட சத்தத்தில், முற்றத்தில் துணி உலர்த்திக்கொண்டிருந்த அவள் பயந்து கிளிப்பைக் கீழே போட்டாள். கொஞ்ச நேரத்தில் மொட்டை ஓடிவந்தான்.

"அக்கா! முடிஞ்சுது அக்கா! என்னையே தூக்கி வீசப் பாத்துச்சு. அப்படி ஒரு ஆவேசம்!"

அவன் பின்னாலேயே மேனேஜரும் டாக்டரம்மாவும் வந்து சமையலறையில் உட்கார்ந்தார்கள்.

"அக்கா, ஒரு டீ குடுங்க. எனக்குத் தலை சுத்துது" என்றார் மேனேஜர்.

"குதிரைக்கு ஒரு வியாதியும் இல்லக்கா" என்றார் டாக்டரம்மா. "அதுக்கு இது தப்புக் காரியம்னு சின்ன வயசிலேருந்து சொல்லிக் குடுத்திருக்கு. சொல்லிக் குடுத்தவரே முன்னாடி நின்னா எப்படிச் செய்யும்? பக்கத்து வீட்டுப் பொண்ணைப் பாத்ததுக்கு முதுகுல ரெண்டு வெச்ச அப்பா, கல்யாணம் முடிஞ்ச அன்னிக்கு ரூமுக்குள்ள டார்ச் பிடிச்சுக்கிட்டு நின்னா மகன் என்ன பண்ணுவான்?"

மேனேஜர் கூரையைப் பார்த்தார். அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. டீத்தூள் கை தவறிக் கூடுதலாக விழுந்தது.

"அப்ப அவர்கிட்ட சொல்லிடுங்க."

"யாரு, நானா?" என்றார் மேனேஜர். "அடுத்தவன் கை கயித்துல பட்டா அன்னிக்கே பெட்டியக் கட்டிடுவேன்னு சேர்ந்த அன்னிக்கே சொன்ன மனுஷன். அவர் போயிட்டா மாப்பிள்ளைக்கு யாரு தீனி வைக்கிறது? வேற யாரு வெச்சாலும் மோந்துகூடப் பாக்காது. லாடம் பாக்கக் காலைக் குடுக்காது. அவரும் வேணும், அந்த நேரத்துல அவர் இருக்கவும் கூடாது. மாப்பிள்ளைக்கு மருந்து குடுத்து ரெஸ்ட்ல வெச்சிருக்கு, வர்ற பெட்டையெல்லாம் கிழவனுக்குன்னு நாங்க அவர்கிட்ட சொல்லிக்கிறோம்." கிழவன் என்பது அடுத்த லாயத்தில் இருந்த பழைய பொலிகுதிரை. "பெட்டை வர்ற அன்னிக்கு மட்டும் காலைல அவரை இந்தப் பக்கம் வராம நீங்க பாத்துக்கணும்."

"எப்படிப் பாத்துக்கறது?"

"அது உங்க சாமர்த்தியம் அக்கா" என்று சொல்லி டீயைக் குடித்துவிட்டு அவர் எழுந்தார்.

உலகத்தில் 'அது உங்க சாமர்த்தியம்' என்று சொல்லிவிட்டு எழுந்து போகிறவர்களைப் போல நிம்மதியான பிறவிகள் கிடையாது. மாட்டிக்கொண்டவள் அவள். குழாயைத் திறந்து டம்ளர்களைக் கழுவினாள். தண்ணீர் விழுகிற சத்தம் கேட்டதும், சரி செய்துதான் ஆகவேண்டும் என்று தோன்றியது.

முதல் தடவை கேஸ் தீர்ந்தது. இரண்டாவது தடவை கட்டில் கால் ஆடியது, ஆசாரியைக் கையோடு கூட்டிவர அனுப்பினாள். பெட்டைகளோ வரிசைகட்டி வந்தன. விஷயம் பரவி, கோப்பைத்திருடனுக்கு இப்போது ஏகக் கிராக்கி. கேஸ் எத்தனை தடவை தீரும்? கட்டிலுக்கு இருப்பதே நாலு கால். கடைசியில் அவள் தன் உடம்பையே எடுத்தாள். முதுகு வலித்தது. தலை சுற்றியது. அடிவயிற்றில் என்னவோ பிடித்தது. ஆஸ்பத்திரிக்குத் துணைக்கு வராமல் இருக்க முடியுமா? அவர் காரிடார் பெஞ்சில் அவளுடைய பையை மடியில் நிமிர்த்தி வைத்துக்கொண்டு உட்கார்ந்து, நர்ஸ் கடக்கும்போதெல்லாம் ஹக்கும் என்று செருமினார். நர்ஸ் அடங்கவில்லை.

ஆஸ்பத்திரி டாக்டருக்கும் ஒன்றும் அகப்படவில்லை. போகிறபோதெல்லாம் சத்து மாத்திரை எழுதிக் கொடுத்தார். ஜன்னல் ஓரத்தில் டப்பாக்கள் வரிசையாக நின்றன.

லாயத்தில் எல்லாம் சுமுகம். "மருந்து நல்லா வேலை செய்யுது, தம்பி உடம்பு மினுமினுன்னு இருக்கு" என்று சாயங்காலம் வந்து சொல்வார் குதிரைக்காரர். "ஆனா அந்தக் கிழவனைச் சொல்லணும். இந்த வயசுல இத்தனை பெட்டையா! அவன் நடக்கறதே சுவத்தப் பிடிச்சுக்கிட்டு." அவள் அடுப்புப் பக்கம் திரும்பிக்கொள்வாள். பொய் சொல்லிச் சொல்லி வாயெல்லாம் கசந்தது. இந்த மனுஷனுக்கு ஒரு சந்தேகம்கூட வராதா என்று அதற்கும் கோபம் வந்தது.

சந்தேகம் வரத்தான் செய்தது, வேறு திசையில். ஒரு நாள் அவள் தவலையைத் தூக்கப்போனபோது வந்து பிடுங்கிக்கொண்டார். மறுநாள் முற்றம் பெருக்கினார். அதற்கு அடுத்த நாள் சோறு வடிக்கிறேன் என்று இறங்கி, பாதி தீய்ந்தும் பாதி வேகாமலும் ஒன்றைச் செய்து வைத்து, அவள் வாயில் வைக்கிற வரைக்கும் எதிரே உட்கார்ந்து பார்த்தார். கல்யாணமான நாளிலிருந்து காணாத கரிசனம். தீய்ந்ததை ஒதுக்காமல் அவள் ஒரு வாய் தின்றாள்.

"என்னங்க இதெல்லாம்? குதிரையப் போய்ப் பாருங்க, போங்க."

"நீ சாப்பிடு" என்றார்.

பருவம் முடியும் தறுவாயில், தூறல் போட்டுக்கொண்டிருந்த ஒரு காலையில், அவள் பல் தேய்த்துவிட்டு வந்தபோது பரணிலிருந்த தகரப் பெட்டி கட்டிலின் மேல் திறந்திருந்தது. உள்ளே அவளுடைய புடவைகள். மேலே மாத்திரை டப்பாக்கள் எல்லாம்.

"எங்க கிளம்பறீங்க?"

"நாம ரெண்டு பேரும்தான். பெரிய ஆஸ்பத்திரிக்கு. இங்க இருக்கவனுங்களுக்கு ஒரு மண்ணும் தெரியல. இத்தனை மாத்திரை குடுத்தும் உனக்கு நிக்கல. என்னவோ பெரிசா இருக்கு, எங்கிட்ட மறைக்கிற. நானும் பாத்துக்கிட்டுத்தான் இருக்கேன்."

"பெரிய ஆஸ்பத்திரியா? வேலை என்னாகுறது?"

"விட்டுடறேன். இப்பப் போய் மேனேஜர்கிட்ட சொல்லிட்டு வந்துடறேன்."

"தம்பி?"

அவர் கொஞ்ச நேரம் பெட்டியின் கொக்கியைத் திருகிக்கொண்டிருந்தார். "தம்பியப் பாத்துக்க யாராவது வருவாங்க. உன்னப் பாத்துக்க யாரு இருக்கா?"

பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்தது. வீட்டைக் காப்பாற்ற அவள் படுத்த பாட்டில் வீடே கையைவிட்டுப் போகப் பார்த்தது. அதைவிட, இந்த மனுஷன் தனக்காக அந்தக் குதிரையை விட்டுவிட்டு வருகிறேன் என்கிறாரே! இந்தச் சொல்லுக்காக எத்தனை வருஷம் காத்திருந்தாள். அது வந்த நேரமா இது? அவளுக்கு அழுகையும் ஆத்திரமும் ஒன்றாகப் பொங்கின. ஆத்திரம்தான் முந்திக்கொண்டது.

"எனக்கு ஒரு வியாதியும் இல்ல! கல்லுக்குண்டு மாதிரி இருக்கேன்! உங்கள அந்தக் கொட்டகைப் பக்கம் விடாம இருக்கத்தான் இத்தனை ஆட்டமும். உங்க தம்பி ரெஸ்ட்டும் எடுக்கல, ஒண்ணும் எடுக்கல. வந்த பெட்டையெல்லாம் அவனுக்குத்தான். கிழவன் பாவம், தூங்கிக்கிட்டிருக்கான். கயிறு பிடிக்கிறது மொட்டை. நீங்க இல்லாத அன்னிக்குத்தான் அது வேலை செய்யுது. நீங்க நின்னா நின்னுடும். ஊருக்கே தெரியும், உங்களுக்குத்தான் தெரியாது!"

அவர் முதலில் சிரித்தார். "மொட்டையா? தம்பி அவனைக் கிட்டவே சேர்க்க மாட்டான்."

"இன்னிக்கும் பெட்டை வந்திருக்கு. போய்ப் பாத்துக்கங்க."

அவர் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு நடந்தார். சொன்ன பிறகுதான் அவளுக்குத் திக்கென்றது. தலைமுடியைக்கூட முடிந்துகொள்ளாமல் தூறலில் பின்னாலேயே ஓடினாள். அவள் ஜன்னலை எட்டும்போது அவர் கொட்டகைக் கதவைத் திறந்துவிட்டிருந்தார்.

மாப்பிள்ளை அந்த நேரம் உச்சத்தில் இருந்தது. கழுத்து வில்லாக வளைந்து, உடம்பெல்லாம் வேர்வையில் பளபளத்து, மொட்டையை இழுத்துக்கொண்டு பெட்டையை நெருங்கி முன்னங்காலைத் தூக்கிவிட்டது. குதிரைக்காரர் வாயைத் திறக்கவில்லை. தூறலில் வந்ததால் தொண்டை கரகரத்ததோ என்னவோ, அவரை அறியாமல் லேசாகச் செருமினார்.

தூக்கிய கால் தரைக்கு வந்தது. நான்கு கால்களும் சேர்ந்தன. தலை தாழ்ந்தது.

மேனேஜர் தன் பூட்ஸைப் பார்த்தார். குதிரைக்காரர் மெதுவாகக் கிட்டே போனார். அவர் முகத்தில் இன்னும் அந்தப் பழைய பெருமை கொஞ்சம் ஒட்டிக்கொண்டுதான் இருந்தது. குதிரையின் தோள்பட்டையில் தோல் நடுங்கிக்கொண்டிருந்ததை அப்போதுதான் பார்த்தார் போல. "என்னடா" என்று மூக்கைத் தடவக் கையைத் தூக்கினார். குதிரை சட்டென்று முகத்தைப் பின்னால் இழுத்துக் கண்ணை இறுக மூடிக்கொண்டது.

தூக்கிய கை அப்படியே நின்றது. பிறகு அவர் அதைப் பத்திரமாகக் கீழே இறக்கினார். திரும்பி, யாரையும் பார்க்காமல், சத்தம் வராமல் கதவைச் சாத்திக்கொண்டு வெளியே போனார்.

மத்தியானம் வரைக்கும் அவர் வீட்டுக்கு வரவில்லை. அவள் திறந்த பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். புடவையை எடுத்துத் திரும்ப வைப்பதா, மிச்சத்தையும் கட்டுவதா என்று தெரியவில்லை. வந்தவர் கட்டிலின் மறு ஓரத்தில் உட்கார்ந்தார்.

"தடவத்தான் கைய தூக்கினேன்" என்றார்.

"பாத்தேன்."

"கண்ண மூடினான். இத்தனை வருஷமா சொகம்னு நெனச்சேன். பயம்டி அது."

"நீங்க வெச்சாத்தானே திங்கிறான். பிடிக்காமலா?" என்றாள்.

"பிடிக்கும். அது வேற, இது வேற."

"அப்ப... கிளம்பணுமா?"

"கிளம்பினா அவன் பட்டினி கிடப்பான்" என்றார். எழுந்து மாத்திரை டப்பாக்களை வெளியே எடுத்து வைத்துவிட்டு, "உனக்கு நிஜமாவே ஒண்ணும் இல்லையே?" என்று கேட்டார்.

"இல்லைங்க. கத்த வைக்காதீங்க."

அடுத்த பெட்டை வந்த அன்று அவளுக்கு எந்தப் பொய்யும் தேவைப்படவில்லை. அவரே விடியலில் தீனி வைத்து, குளம்பு சுத்தம் செய்து, பிடரியைச் சீவி, கயிற்றை மொட்டையின் கையில் கொடுத்தார். "இழுத்துப் பிடிக்காத. அவன் போக்குல விடு." பிறகு மேய்ச்சல் நிலத்தைத் தாண்டி, பண்ணை எல்லையிலிருந்த தண்ணீர்த் தொட்டி வரைக்கும் நடந்துபோய் அதன் மறுபக்கம் நின்றுகொண்டார். காற்று அங்கிருந்து கொட்டகைப் பக்கம் அடிக்காதாம். தன் வாசனைகூடப் படக்கூடாது என்று அவராகக் கண்டுபிடித்த இடம்.

முடிந்ததும் மொட்டை வந்து சொன்னான். அவள் முற்றத்திலிருந்து துண்டை வீசிக் காட்டினாள். அவர் பார்க்கவில்லை. இந்தப் பக்கம் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். கூப்பிட்டாலும் கேட்காது. ஒரு வேலையை விட்டால் இன்னொரு வேலை வைக்கிறாரே என்று திட்டிக்கொண்டே ஈரப் புல்லில் அவ்வளவு தூரமும் நடந்தாள். செருப்பெல்லாம் சேறு.

காலடி கேட்டுத் திரும்பினார்.

"முடிஞ்சுதா?"

"முடிஞ்சுது. எத்தனை தடவை துண்டை ஆட்டறது?"

"நல்லா இருக்கானா?"

"அவனுக்கென்ன. நல்லாத்தான் இருக்கான்."

அவர் தொட்டித் தண்ணீரில் கையை நனைத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார். பிறகு வேறு எங்கோ பார்த்தபடி கேட்டார்.

"என்னைத் தேடினானா?"

தேடினான் என்று சொல்ல வாயெடுத்தாள். எத்தனையோ பொய் சொல்லியிருக்கிறாள், இது ஒன்று பெரிதில்லை. ஆனால் அவர் முகத்தைப் பார்த்ததும் அது வரவில்லை.

"இல்லைங்க. தேடல."

அவர் தலையை ஆட்டினார். ஆட்டிக்கொண்டே இருந்தார்.

"அப்ப வேலை நல்லா நடந்திருக்கு" என்றார்.